பதம் பார்க்காத பாடம்

தை மாதத்தில் தஞ்சை, திருவாரூர், நாகை மாவட்டங்களில் எந்த நேரடி நெல் கொள்முதல் நிலையத்துக்குப் போனாலும் இதைப் பார்க்கலாம். களத்தில் காயும் நெல்லிலிருந்து நாலைந்து மணிகளை விவசாயி எடுப்பார். உமியை நகத்தால் நீக்கிவிட்டு அரிசியைக் கடைவாயில் வைத்துக் கடிப்பார். ‘நறுக்’கென்று உடைந்தால் காய்ந்துவிட்டது. பல்லில் அப்பினால் இன்னும் ஒரு வெயில் வேண்டும். பக்கத்திலேயே மேசை மீது ஈரப்பதமானி இருக்கும். அதில் 17 சதவீதத்துக்குள் எண் வந்தால்தான் மூட்டை தராசுக்கு ஏறும். அறுவடை நேரத்தில் மழை பிடித்துக்கொண்டால், 22 சதவீதம் வரை தளர்த்தச் சொல்லி விவசாயிகள் கேட்பதும், டெல்லியிலிருந்து குழு வந்து நெல்லை அள்ளிப் பார்த்துவிட்டுப் போவதும் டெல்டாவுக்குப் பழகிப்போனவை.

“பல்லுக்குக் காஞ்சிருக்கு தம்பி. மெஷினுக்குக் காயலைங்கிறாங்க” என்றார் மன்னார்குடிப் பக்கத்து விவசாயி ஒருவர். இரண்டு நாளாக மூட்டைகளுக்குக் காவல் இருந்த களைப்பு அவர் குரலில் தெரிந்தது.

இயந்திரம் வேண்டாம் என்று சொல்ல வரவில்லை. 17-க்கும் 19-க்கும் உள்ள வித்தியாசத்தைப் பல் சொல்லாது. ஆளுக்கொரு பல்லை நம்பி அரசு கொள்முதல் நடத்தவும் முடியாது. என் கேள்வி வேறு. அந்தப் பல்லுக்கு யார் பாடம் நடத்தினார்கள்? சிறுவயதில் களத்துமேட்டில் அப்பாவின் பக்கத்தில் நின்று கடித்திருப்பார். தவறாகச் சொல்லித் திட்டு வாங்கியிருப்பார். இப்படிச் சில ஆயிரம் முறை. அதற்குப் பாடப்புத்தகம் இல்லை, மதிப்பெண்ணும் இல்லை. ஆனாலும் அது படிப்புதான். அந்தப் படிப்புக்கு நம் பள்ளியில் இடம் உண்டா என்பதே இந்தக் கட்டுரையின் கவலை.

பதம் என்ற சொல்

டெல்டாவின் பேச்சில் ஒரு சொல் ஓயாமல் புழங்கும்: பதம். உழுது பரம்படித்த வயலுக்குச் சேற்றுப் பதம் உண்டு. நாற்றங்காலுக்குப் பறிக்கும் பதம் உண்டு. கதிருக்கு அறுக்கும் பதம், நெல்லுக்குக் காயும் பதம், புழுங்கலுக்கு வேகும் பதம், வெல்லப் பாகுக்குக் கம்பிப் பதம் என்று பட்டியல் நீளும். ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பதை எல்லோரும் சொல்கிறோம். அந்த ஒரு சோற்றை விரலிடுக்கில் நசுக்கிப் பார்க்கத் தெரிந்திருக்க வேண்டும் என்பதை அந்தப் பழமொழி சொல்லாமலே எடுத்துக்கொள்கிறது.

பதத்தைச் சொல்லி விளக்க முடியாது, காட்டத்தான் முடியும். சேறு பதமாகிவிட்டதா என்பதை வயலில் இறங்கிய பாதம் சொல்ல வேண்டும். புழுங்கல் அண்டாவை எப்போது இறக்குவது என்பதை ஆவியின் வாசனை சொல்ல வேண்டும். வேடிக்கை என்னவென்றால், தமிழில் சொல்லுக்கும் பதம் என்றுதான் பெயர். பள்ளிக்கூடம் இரண்டாவது பதத்தைப் பிடித்துக்கொண்டது. முதல் பதத்தை வாசலிலேயே நிறுத்திவிட்டது.

புலனையும் அறிவையும் இப்படிப் பிரித்து வைப்பது நம் பழைய வழக்கம்கூட இல்லை. தொல்காப்பியத்தின் மரபியல் உயிர்களை வகைப்படுத்தும்போது புலன்களை அறிவு என்றே சொல்கிறது. புல்லும் மரமும் ஓரறிவுயிர். அந்த ஓர் அறிவு, தொட்டால் உணர்வது. அதற்கு மேல் நாவும் மூக்கும் கண்ணும் செவியும் ஒவ்வொன்றாகக் கூடுகின்றன. கடைசியாக மனம் சேரும்போது மனிதருக்கு ஆறறிவு ஆகிறது. இந்த ஏணியில் தொடுதல் முதல் படி. மனம் ஆறாவது படிதான், மற்ற ஐந்தையும் உதறிவிட்டு அது தனியாக நிற்பதில்லை. வள்ளுவரும் கல்வி, கல்லாமை என்ற அதிகாரங்களை அடுத்துக் கேள்வி என்று செவிக்குத் தனி அதிகாரம் ஒதுக்கிய பிறகே அறிவுடைமைக்குப் போகிறார்.

மணலில் எழுதிய விரல்

திண்ணைப் பள்ளியில் சேர்ந்த பிள்ளைக்கு முதலில் கிடைத்தது மணல். தரையில் பரப்பிய மணலில் விரலால் ‘அ’ எழுத வேண்டும். எழுதும்போதே வாய்விட்டுச் சொல்ல வேண்டும். பக்கத்துப் பிள்ளைகள் சொல்வது காதில் விழும். விரல் பழகிய பிறகுதான் ஓலையும் எழுத்தாணியும். கண், காது, வாய், விரல் நான்கும் ஒரே எழுத்தில் வந்து கூடின. பாபநாசத்தை அடுத்த உத்தமதானபுரத்தைச் சொந்த ஊராகக் கொண்டு 1855-இல் பிறந்த உ.வே.சாமிநாதையர் இந்தப் படிப்பில் வளர்ந்தவர். ‘என் சரித்திரம்’ நூலில் தம் பள்ளி நாட்களை விரிவாகவே எழுதியிருக்கிறார்.

கணக்கும் அப்படித்தான் நுழைந்தது. பொன்னிலக்கம், நெல்லிலக்கம், எண்சுவடி என்று ஒவ்வொன்றையும் கூட்டாக முறை சொல்லி மனத்தில் ஏற்றினார்கள். இரண்டு ஆழாக்கு ஓர் உழக்கு, இரண்டு உழக்கு ஓர் உரி, இரண்டு உரி ஒரு படி, எட்டுப் படி ஒரு மரக்கால், பன்னிரண்டு மரக்கால் ஒரு கலம். இந்த அளவைகள் வீட்டிலும் களத்திலும் நிஜமாகவே இருந்தன. பிள்ளை உழக்கைக் கையில் பிடித்திருந்தது. மரக்காலில் நெல் விழும் ஓசையைக் கேட்டிருந்தது. பின்னங்களும் நிலத்தில் கால் ஊன்றியவை. ‘மா’ என்றால் இருபதில் ஒன்று. தஞ்சையில் ஒரு வேலி நிலத்துக்கு இருபது மா. இன்றும் டெல்டாவில் மூன்று மா ஏறத்தாழ ஓர் ஏக்கர் என்றுதான் கணக்கு. வரப்பில் நடந்த பிள்ளைக்கு 1/20 என்பது கண்ணுக்கெட்டிய ஒரு துண்டு வயல். திண்ணைப் பள்ளிகளின் கணக்கு மரபையும் நிலம் அளந்தவர்களின் கணக்கையும் ஆராய்ந்த து.செந்தில் பாபு, இந்த மனப்பாடத்தை வெறும் கிளிப்பிள்ளைப் பாடமாகப் பார்க்கக் கூடாது என்கிறார். அங்கே நினைவாற்றலே கற்கும் வழியாக இருந்தது என்பது அவர் வாதம்.

இந்த மணல் கடல் கடந்த கதையும் உண்டு. ஸ்காட்லாந்துக்காரரான ஆண்ட்ரூ பெல் 1789-இல் சென்னை எழும்பூரில் ஆண் அநாதைகள் விடுதிப் பள்ளியை நடத்தும் பொறுப்பை ஏற்றார். தமிழ்ப் பிள்ளைகள் மணலில் எழுதிப் படிப்பதை ஒருநாள் வழியில் பார்த்தார். அதைத் தன் பள்ளிக்குக் கொண்டுவந்தார். மூத்த பிள்ளைகள் இளையோருக்குச் சொல்லிக்கொடுக்கும் சட்டாம்பிள்ளை முறையோடு அதைச் சேர்த்து, 1797-இல் லண்டனில் ஒரு புத்தகம் வெளியிட்டார். ‘மெட்ராஸ் முறை’ என்ற பெயரில் அது இங்கிலாந்தின் ஏழைப் பிள்ளைகளுக்கான பள்ளிகளில் பரவியது. ஸ்காட்லாந்தின் செயின்ட் ஆண்ட்ரூஸ் ஊரில் 1833-இல் அவர் பணத்தில் எழுந்த பள்ளிக்கு இன்றும் மெட்ராஸ் காலேஜ் என்றே பெயர்.

அதற்காகத் திண்ணையைப் பொற்காலமாக்கிவிட வேண்டாம். உடம்பு வழியாகக் கற்பித்த அந்தப் பள்ளி, உடம்பை அடித்தும் கற்பித்தது. பிரம்பும் கோதண்டமும் அந்தப் பாடத்தில் அடக்கம். இன்னொரு பெருங்குறையும் அதற்கு உண்டு. அதைப் பிறகு பார்ப்போம்.

வாய் முதலில், கை பிறகு

தஞ்சையின் கலைகள் கற்பிக்கும் வரிசை கவனிக்கத்தக்கது. மிருதங்கம் பழக வருபவர் ‘தா தி தொம் நம்’ என்று சொல்லிக்கொண்டே தட்டத் தொடங்குகிறார். பாடம் வளர வளர, வாயில் தடுமாறாமல் சொல்ல வராத கோவையைக் கைக்குக் கொடுக்க ஆசிரியர் இசையமாட்டார். வாயில் சரியாக விழுந்த சொல்தான் விரலில் சரியாக விழும் என்பது அந்த மரபின் துணிபு. நாட்டியத்திலும் இதே கதை. 19-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் தஞ்சை நால்வர் எனப்படும் சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு சகோதரர்கள் பயிற்சியை அடவு அடவாக ஒழுங்குபடுத்தினார்கள். நட்டுவனார் தட்டுக்கழியால் கட்டையில் தட்டியபடி சொற்கட்டைச் சொல்வார். ஆடும் பெண்ணின் காது வழியாக அது காலுக்கு இறங்கும். கண்ணாடி முன் நின்று பார்த்துப் பழகுவது பிற்பாடு வந்தது.

சுவாமிமலைக்குப் போனால் வேறு வரிசை. அங்கே ஸ்தபதி தென்னை ஓலையின் ஈர்க்கை நீக்கி, சிலையின் உயரத்துக்கு நறுக்கி, மடித்து மடித்துத் தாள அளவுகளைக் குறிக்கிறார். ஓர் ஓலைத் துண்டில் முகம், கழுத்து, மார்பு, முழங்கால் எல்லாவற்றின் விகிதமும் மடிப்பாக இருக்கும். பின்னம் என்பது அங்கே விரல் தடவி உணரும் மடிப்பு. தேன்மெழுகோடு குங்கிலியத்தைக் கூட்டி உருவம் செய்கிறார்கள். காவிரி கொண்டுவந்து சேர்த்த வண்டல் மண்ணைக் குழைத்து அதன் மேல் பூசுகிறார்கள். சூட்டில் மெழுகு உருகி ஓடிய வெற்றிடத்தில் உலோகம் இறங்குகிறது. உருகிய உலோகத்தின் பதத்தைத் தீயின் நிறம் சொல்லும். மெழுகின் பதத்தை உள்ளங்கைச் சூடு சொல்லும். வேலைக்கு வரும் சிறுவயதுக்காரர் முதலில் மெழுகைப் பிசைந்து பழக வேண்டும். கண் பிறகு, கை முதலில்.

இங்கே கவனிக்க வேண்டியது ஒன்று. மிருதங்க ஆசிரியர், ‘நீ காதுவழிப் பிள்ளை, அதனால் உனக்குச் சொற்கட்டு, நீ கண்வழிப் பிள்ளை, அதனால் உனக்குப் படம்’ என்று மாணவர்களைப் பிரிப்பதில்லை. மிருதங்கம் எந்தப் புலனைக் கேட்கிறதோ அதை எல்லா மாணவரும் தீட்டிக்கொள்ள வேண்டும். புலனைத் தேர்ந்தெடுப்பது பாடம். பிள்ளை அதற்குத் தன்னைப் பழக்கிக்கொள்கிறது.

பிள்ளைகளுக்குச் சீட்டு ஒட்ட வேண்டாம்

இதை அழுத்திச் சொல்லக் காரணம் உண்டு. கண்வழிக் கற்போர், காதுவழிக் கற்போர், செயல்வழிக் கற்போர் என்று குழந்தைகளைப் பிரிக்கும் பழக்கம் தனியார் பள்ளிகளின் விளம்பரங்களிலும் ஆசிரியர் பயிற்சி முகாம்களிலும் நன்றாக ஊன்றிவிட்டது. உங்கள் பிள்ளை எந்த வகை என்று சோதித்துச் சொல்வதாகக் கட்டணம் வாங்குபவர்களும் இருக்கிறார்கள். பிள்ளையின் விரல்ரேகையை எடுத்து அதிலிருந்தே சொல்லிவிடுவதாக வாக்குக் கொடுப்பவர்களும் உண்டு.

அமெரிக்காவைச் சேர்ந்த ஹரால்ட் பாஷ்லர் உள்ளிட்ட நான்கு உளவியலாளர்கள் 2008-இல் இந்தக் கொள்கைக்கு இருந்த ஆதாரங்களை எல்லாம் எடுத்து அலசினார்கள். மனிதர்களுக்கு விருப்பங்கள் உண்டு என்பதை அவர்கள் மறுக்கவில்லை. ஆனால், அந்த விருப்பத்துக்கு ஏற்றபடி பாடம் நடத்தினால் அந்தந்த வகைப் பிள்ளை கூடுதலாகக் கற்கும் என்பதற்குப் போதிய சான்று இல்லை என்பது அவர்கள் முடிவு. சுவாமிமலையும் வேறு வழியில் இதைத்தான் சொல்கிறது. ‘நான் கண்ணால் கற்பவன்’ என்று சொல்லி மெழுகைத் தொடாமல் யாரும் ஸ்தபதி ஆனதில்லை.

அப்படியானால் புலன் முக்கியமில்லையா? முக்கியம்தான். எந்தப் பிள்ளைக்கு எந்தப் புலன் என்று கேட்காமல், எந்தப் பாடத்துக்கு எந்தெந்தப் புலன் என்று கேட்க வேண்டும். நார்வேயின் டிரான்டைம் நகரப் பல்கலைக்கழகத்தில் நடந்த ஆய்வு ஒன்று 2024 ஜனவரியில் வெளியானது. 36 மாணவர்களின் தலையில் 256 உணரிகள் கொண்ட வலையைப் பொருத்தி, கையால் எழுதும்போதும் விசைப்பலகையைத் தட்டும்போதும் மூளையில் நடப்பதைப் பதிவுசெய்தார்கள். கையால் எழுதும்போது மூளையின் வெவ்வேறு பகுதிகளுக்கு இடையே தொடர்பு மிகுதியாக இருந்தது. 36 பேரை வைத்துப் பெரிய முடிவுக்குத் தாவிவிட முடியாது. கூடுதல் தொடர்பு என்றால் கூடுதல் மதிப்பெண் என்றும் பொருளில்லை. ஆனாலும், ஒவ்வொரு எழுத்துக்கும் விரல் வேறு பாதையில் போக வேண்டியிருக்கிறது, தட்டச்சில் எல்லா எழுத்துக்கும் ஒரே குத்துதான் என்ற விளக்கம் மணலில் எழுதிய தலைமுறைக்குப் புதிதாகப் படாது. 1939-இல் சென்னை அடையாறுக்கு வந்து ஆசிரியர்களைப் பயிற்றுவித்த மரியா மாண்டிசோரி, உப்புத்தாளில் வெட்டிய எழுத்துகளைப் பிள்ளைகள் விரலால் தடவச் செய்தது நினைவுக்கு வருகிறது.

கேட்காத கதவு

புலன் என்ற கதவே பழுதாக இருந்தால் என்ன ஆகும் என்பதற்கு என் கதையே சாட்சி. ஆறாம் வகுப்பில் நான் கடைசி வரிசை. கரும்பலகை எனக்கு ஒரு பச்சை மூட்டம். சாக்பீஸ் உராயும் சத்தத்தின் நீளத்தை வைத்து, எழுதியது சின்னச் சொல்லா பெரிய சொல்லா என்று ஊகிப்பேன். மீதியைப் பக்கத்தில் இருப்பவன் நோட்டிலிருந்து எடுத்துக்கொள்வேன். இதற்குப் பெயர் காப்பி அடித்தல் என்று முட்டி போட வைத்தார்கள். ‘மண்டு’ என்ற பட்டமும் கிடைத்தது. ஒரு கண் முகாமில்தான் என் மண்டைக்குக் குறையில்லை என்பது தெரியவந்தது. மூக்கில் கண்ணாடி ஏறிய வாரத்தில்தான், மற்றவர்கள் கரும்பலகையை நேராகப் பார்த்தே எழுதுகிறார்கள் என்பது எனக்குப் புரிந்தது.

2009-இல் தொடங்கிய ‘கண்ணொளி காப்போம்’ திட்டத்தில் பள்ளிப் பிள்ளைகளுக்குக் கண் பரிசோதித்து இலவசமாகக் கண்ணாடி தருகிறார்கள். நல்ல திட்டம். காதுக்கும் அதே முனைப்பு வேண்டும். ஒரு காது மந்தமான பிள்ளை, சுவரோரம் எந்தப் பக்கம் உட்கார்கிறது என்பதைப் பொறுத்துக் கெட்டிக்காரப் பிள்ளையாகவோ மக்குப் பிள்ளையாகவோ ஆகிவிடுகிறது. பார்வையற்ற பிள்ளை ஆறு புள்ளிகளை விரலால் தடவித் தமிழ் முழுவதையும் படித்துவிடுகிறது. தொடுதல் எவ்வளவு பெரிய வாசல் என்பதை அந்தப் பிள்ளைதான் நமக்குச் சொல்லித்தர வேண்டும்.

யார் கை, யார் எழுத்து?

இப்போது அந்தப் பெருங்குறைக்கு வருவோம். டெல்டாவில் புலன்வழி அறிவு செழித்தது உண்மை. அந்த அறிவும் எழுத்தும் ஒரே மனிதரிடம் சேர்ந்திருக்க விடாமல் சாதி பார்த்துக்கொண்டதும் உண்மை. சேற்றின் பதத்தைப் பாதத்தால் அறிந்த பண்ணையாள் வீட்டுப் பிள்ளைக்குத் திண்ணையில் இடமில்லை. நாற்று முடியைக் கையில் வாங்கியதுமே வயதைச் சொல்லிவிடும் நடவுப் பெண்ணுக்கு ஓலை எட்டவே இல்லை. நெல்லிலக்கம் படித்தவர் மரக்காலைப் பிடித்து அளந்தார். படிக்க விடப்படாதவர் முந்தானையை ஏந்திக் கூலி வாங்கினார். மரக்கால் சிறுத்திருக்கிறது என்று கைக்குத் தெரியும், கணக்குக் கேட்கத்தான் எழுத்தும் இல்லை, உரிமையும் இல்லை. அறுவடைக் கூலியில் கொஞ்சம் நெல் கூட்டிக் கேட்டதும் சேர்ந்து மூண்ட பகையில்தான், 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் 44 பேர் குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். நெல் அளவையைப் பற்றி டெல்டாவில் யார் பேசினாலும் அந்த இரவைத் தாண்டிக்கொண்டு போக முடியாது.

கலையிலும் இதே கோடு. மிருதங்கத்தின் வலப்பக்கக் கரணைக்குக் கிட்டக்கல் பொடியோடு சோற்றைப் பிசைந்து, அடுக்கடுக்காகத் தேய்த்து ஏற்றுகிறார்கள். எந்த அடுக்கில் நாதம் திறக்கும் என்பது செய்பவரின் காதுக்குத்தான் தெரியும். தஞ்சையில் அந்தக் காதுகளுக்குச் சொந்தக்காரர்கள் பெரும்பாலும் தலித் கிறிஸ்தவக் குடும்பத்தினர். பாடகர் டி.எம்.கிருஷ்ணா 2020-இல் வெளியிட்ட ‘செபாஸ்டியன் அண்ட் சன்ஸ்’ நூல் அவர்கள் கதை. வாசித்தவருக்கு மேடை. மாட்டுத்தோலைத் தொட்டுப் பதப்படுத்தி, சுருதி கூட்டித் தந்தவருக்கு மேடைக்குப் பின்புறம்கூட எளிதில் கிடைக்கவில்லை.

ஆகவே, ‘கையால் கற்கட்டும்’ என்று தமிழ்நாட்டில் யார் சொன்னாலும் கேட்பவர் காது விடைப்பது நியாயம். 1953-இல் ராஜாஜி அரசு கொண்டுவந்த தொடக்கக் கல்வித் திட்டம் கிராமப் பள்ளி நேரத்தை நாளொன்றுக்கு மூன்று மணியாகச் சுருக்கியது. மீதி நேரத்தில் பிள்ளை பெற்றோரின் தொழிலைக் கற்கட்டும் என்றது. குலக்கல்வித் திட்டம் என்று பெயர் சூட்டிப் பெரியாரும் திராவிட இயக்கமும் எதிர்த்தார்கள். 1954-இல் ராஜாஜி விலகினார். அடுத்து வந்த காமராஜர் அரசு திட்டத்தைக் கைவிட்டது. அண்மையில் மத்திய அரசின் விஸ்வகர்மா திட்டத்தில் குடும்பத் தொழில் என்ற நிபந்தனையைத் தமிழ்நாடு ஏற்காமல், அந்த நிபந்தனை இல்லாத கலைஞர் கைவினைத் திட்டத்தைத் தானே தொடங்கியதும் அந்த நினைவின் தொடர்ச்சிதான்.

அந்தப் போராட்டம் சரியானது. ஆனால், அதிலிருந்து நாம் எடுத்துக்கொண்ட பாடம் பாதிதான் என்று எனக்குப் படுகிறது. அப்பன் கைத்தொழில் பிள்ளைக்கு என்பதை எதிர்த்தோம். அதோடு கையையே பள்ளியிலிருந்து வெளியேற்றிவிட்டோம். எல்லோருக்கும் எழுத்து என்பதில் வென்றோம். எல்லோருக்கும் கை என்பதைக் கேட்கவே இல்லை. மிராசுதார் வழிவந்த பிள்ளையும் பண்ணையாள் வழிவந்த பிள்ளையும் ஒரே நாற்றங்காலில் ஒரே மணிநேரம் இறங்கி, மேலேறி வந்து ஒரே நோட்டில் அதைக் கணக்காக எழுதினால், அதுதான் குலக்கல்விக்கு நேர் எதிர்.

ஐந்தாம் வகுப்போடு நின்றுவிடும் கை

தமிழ்நாட்டுத் தொடக்கப் பள்ளிகள் இதில் ஒன்றும் செய்யவில்லை என்று சொல்லிவிட முடியாது. 2003-இல் சென்னை மாநகராட்சியின் 13 பள்ளிகளில் தொடங்கிய செயல்வழிக் கற்றல் சில ஆண்டுகளில் மாநிலம் முழுவதும் பரவியது. கொரோனாவுக்குப் பிறகு 2022-இல் ‘எண்ணும் எழுத்தும்’ வந்தது. புளியங்கொட்டை, குச்சி, பாட்டு, பொம்மை என்று சின்ன வகுப்புகளில் கையும் காதும் ஓரளவு வேலை செய்கின்றன.

ஆறாம் வகுப்பில் கை மடங்கிவிடுகிறது. கரும்பலகை போய்த் திறன்பலகை வந்திருக்கிறது. அதுவும் கண்ணுக்குத்தான். பத்தாம் வகுப்பு அறிவியலில் 25 மதிப்பெண் செய்முறைக்கு உண்டு. ஆனால் அதை ‘போட்டுக்கொடுக்கும் மார்க்’ என்றே பெற்றோரும் பிள்ளைகளும் பேசுகிறார்கள். ஒளிச்சேர்க்கையின் சமன்பாட்டைப் பிழையில்லாமல் எழுதும் பிள்ளைக்கு, ஜன்னலுக்கு வெளியே நிற்பது குறுவையா தாளடியா என்று தெரிவதில்லை.

வீட்டிலும் வயலிலும் அந்தப் பாடம் கிடைக்கும் காலம் போய்விட்டது. நடவுக்கு இயந்திரம் வந்துவிட்டது. இயந்திரம் இறங்காத வயலில் மேற்கு வங்கத்திலிருந்தும் பிகாரிலிருந்தும் வந்த ஆட்கள் நடுகிறார்கள். அறுவடையும் இயந்திரம்தான். பிள்ளைகள் வயல் வேலைக்குப் போக வேண்டியதில்லை என்பது நல்ல செய்தி. அதற்காகவே, முன்பு வறுமை கற்றுக்கொடுத்ததைப் பள்ளி விரும்பிக் கற்றுக்கொடுக்க வேண்டிய வேளை வந்திருக்கிறது.

பெரிய செலவு ஒன்றும் இல்லை. ஆறு முதல் ஒன்பது வகுப்பு வரை, டெல்டாவின் ஒவ்வொரு நடுநிலை, உயர்நிலைப் பள்ளிக்கும் ஒரு குழி அளவில் நாற்றங்கால் போதும். ஜூன் 12-இல் மேட்டூர் அணை திறந்து கல்லணை வழியாகத் தண்ணீர் வரும் நாட்களில்தான் பள்ளியும் திறக்கிறது. பாடத்திட்டத்தையும் பருவத்தையும் இதைவிட நன்றாக யாரும் இணைத்துத் தர முடியாது. ஆசிரியர் உட்பட எல்லோரும் இறங்க வேண்டும். குறிப்பிட்ட பிள்ளைகளைக் கூப்பிட்டுப் பள்ளியைக் கூட்டச் சொல்லும் வழக்கம் வேறு வேடத்தில் திரும்பிவிடக் கூடாது.

பின்னப் பாடத்துக்கு ஓர் உழக்கும் ஒரு படியும் ஒரு மரக்காலும் வகுப்பறைக்குள் வரட்டும். பின்னம் வரையும் வட்டத்தை யாரும் வெட்டித் தின்றதில்லை. உழக்கை அளந்து கொட்டலாம். நடவில் முப்பது வருடம் நின்ற அம்மாவையும், ஸ்தபதியையும், மிருதங்கம் செய்பவரையும் சிறப்பு ஆசிரியர்களாக அழையுங்கள். பொன்னாடையோடு அனுப்பிவிடாமல் மதிப்பூதியம் கொடுங்கள். 1922-இல் தொடங்கிய ஆடுதுறை நெல் ஆராய்ச்சி நிலையம் டெல்டாவின் நடுவில் இருக்கிறது. தஞ்சை நகரிலேயே உணவு பதப்படுத்தும் தொழில்நுட்பத்துக்கு ஒரு தேசிய நிறுவனம் இருக்கிறது. பெரிய கோயிலுக்குப் போகும் சுற்றுலாப் பேருந்து அங்கேயும் நிற்கலாம். எல்லாவற்றுக்கும் மேலாக, தேர்வு மாற வேண்டும். தேர்வு கேட்காததை எந்தப் பள்ளியும் நடத்தாது.

மன்னார்குடிப் பக்கத்து விவசாயியின் மகள் பிளஸ் டூ படிக்கிறாள். அன்று அப்பாவுக்குச் சோறு கொண்டுவந்திருந்தாள். ஈரப்பதமானி எப்படி ஈரத்தைக் கண்டுபிடிக்கிறது என்று அவளிடம் கேட்டேன். தெரியாது என்றாள். மின்தடை பற்றிப் படித்திருக்கிறாயா என்றேன். சூத்திரத்தை ஒப்பித்தாள். நெல்லில் ஈரம் கூடினால் அதன் மின்குணம் மாறும், அந்த மாற்றத்தைத்தான் கருவி எண்ணாக்கிக் காட்டுகிறது என்று சொன்னதும் சட்டென்று மேசைப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். சூத்திரம் அவள் நோட்டில் இருந்தது. நெல் அவள் வீட்டு வாசலில் கிடந்தது. பன்னிரண்டு ஆண்டுப் படிப்பில் இரண்டையும் யாரும் சேர்த்து வைக்கவில்லை.

பிறகு குவியலிலிருந்து இரண்டு மணியை எடுத்து வாயில் போட்டுக் கடித்தாள். “இன்னொரு வெயிலு வேணும்ப்பா” என்றாள். அப்பா ஒன்றும் சொல்லாமல் நெல்லைக் கிளறிவிடக் குனிந்தார்.